ஆவணப்படத் துறையில் தமிழ் தெரிந்தவருக்கு என்ன வேலை?

சென்ற ஆண்டின் இறுதி விடுமுறையில் எனக்கு ஒரு பகுதிநேர வேலை கிடைத்தது. வேறொரு பல்கலைக்கழகத்தில் படித்து முடித்த சீன நண்பர் ஒருவர் தோட்டப்புற மக்களைப் பற்றி இருபது நிமிட ஆவணப்படம் ஒன்றை எடுத்துக்கொண்டிருந்தார். கோல சிலாங்கூர் பக்கம் ஐந்து பேரைப் பேட்டி கண்டிருந்தார். பேச்செல்லாம் தமிழ். அவருக்கோ வணக்கம், நன்றி தவிர வேறு தமிழ் தெரியாது. படப்பிடிப்பில் உடனிருந்து மொழிபெயர்த்தவர் வேலை கிடைத்து ஜொகூருக்குப் போய்விட்டார். மொத்தம் ஒன்பது மணி நேரப் பதிவு. அதைக் கேட்டுத் தமிழில் எழுதி, மலாயில் மொழிபெயர்த்துத் தர வேண்டும். தமிழ்ப்பள்ளியில் ஆறாண்டுகள் படித்து, தேசிய இடைநிலைப்பள்ளியிலும் எஸ்.பி.எம். வரை தமிழைக் கைவிடாதவள் நான். இதென்ன பெரிய காரியம் என்று ஒப்புக்கொண்டேன்.

இரண்டாம் நாளே சறுக்கினேன். எழுபத்து நான்கு வயதுப் பாட்டி ஒருவர் தம் இளமைக் காலத்தைச் சொல்லிக்கொண்டு வந்தார். “அப்ப நான் மாசமா இருந்தேன். காலையில நாலரைக்கே பெரட்டு” என்றார். கர்ப்பிணிக்குக் காலையில் வயிற்றைப் பிரட்டுவது இயல்புதானே! மலாயில் ‘அதிகாலை நாலரை மணிக்கே எனக்குக் குமட்டல் வந்துவிடும்’ என்று எழுதிவிட்டு அடுத்த வாக்கியத்துக்குப் போய்விட்டேன்.

அன்றிரவு கிள்ளானில் எங்கள் வீட்டு வரவேற்பறையில் அமர்ந்து அந்தப் பதிவை மறுபடியும் ஓடவிட்டேன். தொலைக்காட்சி பார்த்துக்கொண்டிருந்த என் பாட்டி திரும்பி, என்ன எழுதியிருக்கிறாய் என்று கேட்டார். சொன்னேன். விழுந்து விழுந்து சிரித்தார். “பெரட்டுன்னா வாந்தியாடி? பேரு கூப்புடுறது. கிராணி பேரு கூப்புடும்போது களத்துல நிக்கலன்னா அன்னிக்கு வேலை இல்ல.” ஆங்கிலத்தில் ‘பரேட்’ என்பதே தோட்டத்து மக்கள் வாயில் பெரட்டு ஆனது என்பார்கள். நிறைமாதக் கர்ப்பிணி விடியுமுன் பெரட்டுக் களத்தில் வரிசையில் நின்றாள் என்பதைத்தான் அந்தப் பாட்டி சொல்லியிருக்கிறார். நானோ தோட்டத்தின் சட்டத்தை அவருடைய வயிற்று உபாதையாக மாற்றிவிட்டேன். என் பாட்டி அன்று வேறு அறையில் இருந்திருந்தால் அது அப்படியே திரைக்குப் போயிருக்கும். இயக்குநருக்கும் தெரிந்திருக்காது, படத்தொகுப்பாளருக்கும் தெரிந்திருக்காது.

இந்தச் சம்பவத்துக்குப் பிறகுதான் ஆவணப்படம் என்ற துறையையே நான் உற்றுப் பார்க்க ஆரம்பித்தேன். ஆவணப்படம் என்றதும் நமக்குத் தோள்மேல் கேமராவைத் தூக்கிக்கொண்டு அலையும் ஒருவர்தான் நினைவுக்கு வருகிறார். படம் முடியும்போது ஓடும் பெயர்ப் பட்டியலைப் பொறுமையாகப் பாருங்கள். ஆய்வு செய்தவர், பேட்டிக்கு ஆள் பிடித்துக் கொடுத்தவர், ஒலிப்பதிவாளர், எழுத்துப்படி எடுத்தவர், மொழிபெயர்ப்பாளர், பழைய படங்களுக்கு உரிமை வாங்கியவர், நிதிக்கு விண்ணப்பம் எழுதியவர், திரையிடலுக்கு மண்டபம் பிடித்தவர் என்று பட்டியல் நீளும். கதைப்படத்தில் எழுதிய வசனத்தை நடிகர் பேசுகிறார். ஆவணப்படத்தில் ஆள் முதலில் பேசிவிடுகிறார். அதிலிருந்துதான் படத்தின் எழுத்தே பிறக்கிறது. ஆகவே பேசியது என்ன என்று சரியாகக் கேட்டு எழுதுபவர் இல்லாமல் படம் ஓர் அடிகூட நகராது.

எழுத்துப்படி வேலை எப்படி நடக்கிறது என்பதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன். பேச்சு தொடங்கும் நேரத்தை மணி, நிமிடம், வினாடி என்று ஓரத்தில் குறித்து, பக்கத்தில் பேசியவர் சொன்னதைச் சொன்னபடியே எழுத வேண்டும். திருத்தக் கூடாது. மௌனமும் எழுதப்பட வேண்டும். ‘ஆறு வினாடி பேசவில்லை’ என்று நான் குறித்த இடத்தைத்தான் நண்பர் பின்னர் படத்தில் அப்படியே வைத்தார். எழுத்துப்படி முடிந்ததும் இயக்குநர் அதை அச்சடித்து, வேண்டிய பகுதிகளை வெட்டி, சுவரில் ஒட்டி, மாற்றி மாற்றி அடுக்குகிறார். காகிதத்தில் படம் ஒரு மாதிரி நின்ற பிறகுதான் கணினியில் வெட்டத் தொடங்குவார்கள்.

வெட்டும்போது தமிழ் தெரிந்தவர் பக்கத்தில் இருந்தாக வேண்டும் என்பதை நான் அனுபவத்தில்தான் கண்டேன். தமிழ் வாக்கியத்துக்கு உயிர் கடைசியில் வரும் வினைச்சொல்லில் இருக்கிறது. மொழி தெரியாத தொகுப்பாளர், பேசுபவர் மூச்சு வாங்கும் இடத்தில் வெட்டிவிடுவார். ‘இந்தத் தோட்டத்தை விட்டு நான்’ என்பதோடு வாக்கியம் நின்றுவிடும். போனாரா, போகமாட்டேன் என்றாரா? கேட்பவருக்குத் தெரியாது. வசன வரிகளில் இதே சிக்கல் தலைகீழாக வரும். மலாய் வாக்கியத்தில் செய்தி முன்னாலேயே வந்துவிடும். ஒரு தாத்தா, “எங்க மூத்தவன், இந்தப் பால் ஸ்டோருக்குப் பின்னால, இதே மாதிரி ஒரு மழை நாள்ல” என்று இழுத்து இழுத்துச் சொல்லி, கடைசியில்தான் “செத்துப் போனான்” என்றார். நான் எழுதிய வரியோ அவர் ‘மூத்தவன்’ என்று சொல்லும்போதே மகன் இறந்ததைச் சொல்லிவிட்டது. திரையில் அவர் இன்னும் மழையிடம்கூட வரவில்லை! வாக்கியத்தை மூன்றாக உடைத்து, மரணத்தைக் கடைசி வரிக்குத் தள்ளி வைத்தோம். ஒரு நேரத்தில் இரண்டு வரிக்கு மேல் போடக் கூடாது, வரிக்கு நாற்பது எழுத்துச் சொச்சம்தான், படிக்க நேரம் கொடுக்க வேண்டும். இத்தனை கட்டுக்குள்தான் இதையும் செய்தாக வேண்டும்.

தமிழருக்கு இத்துறை புதிதோ என்றால், இல்லை. ஏ. கே. செட்டியார் என்ற பெயரைப் பயண நூல்கள் வழியாக உங்களில் சிலர் அறிந்திருக்கலாம். ‘மலேயா முதல் கனடா வரை’ அவர் எழுதிய நூல்களில் ஒன்று. கோட்டையூரில் 1911இல் பிறந்தவர். இரங்கூனில் ‘தனவணிகன்’ இதழின் ஆசிரியராக இருந்தவர். ஜப்பானிலும் நியூயார்க்கிலும் புகைப்படக்கலை பயின்றவர். 1937ஆம் ஆண்டு அக்டோபர் 2ஆம் நாள், நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குக் கப்பலில் போய்க்கொண்டிருந்தபோது, காந்தியைப் பற்றி ஓர் ஆவணப்படம் எடுக்க வேண்டும் என்ற எண்ணம் அவருக்குத் தோன்றியது. அப்போது அவருக்கு வயது இருபத்தைந்து, அதாவது நம்மைவிட மூன்று வயது மூத்தவர்!

அவர் பெரும்பாலும் செய்தது படம் பிடிப்பதன்று, தேடுவது. முப்பது ஆண்டுகளில் ஏறக்குறைய நூறு ஒளிப்பதிவாளர்கள் வெவ்வேறு நாடுகளில் எடுத்து வைத்திருந்த காட்சிகளைத் தேடி, சுமார் மூன்றாண்டுகள், ஒரு லட்சம் மைல் பயணம் செய்தார். இங்கிலாந்து, தென்னாப்பிரிக்கா, அமெரிக்கா என்று அலைந்து 50,000 அடி படச்சுருள் திரட்டினார். அதிலிருந்து 12,000 அடி கொண்ட படம் உருவாகி 1940 ஆகஸ்டில் தமிழில் வெளிவந்தது. 1953இல் அதன் ஆங்கில வடிவம் ஹாலிவுட்டில் தயாரானது. அதன்பின் அந்தப் படம் பல்லாண்டுகள் கண்ணில் படாமல் போயிற்று. வரலாற்றாய்வாளர் ஆ. இரா. வேங்கடாசலபதி அமெரிக்காவில் தேடிக் கண்டெடுத்தது சுருக்கப்பட்ட ஆங்கிலப் பிரதியைத்தான். லட்சம் மைல் அலைந்து சேர்த்தவருக்கு, சேர்த்ததைப் பத்திரமாக வைத்துக் காக்க ஓர் அமைப்பு வாய்க்கவில்லை. படத்தைப் பாதுகாப்பதும் இத்துறையில் ஒரு தொழில்தான். நம் சமுதாயத்தில் அதை யாரும் தொழிலாக நினைப்பதில்லை என்பது என் வருத்தம்.

நம் நாட்டுக்கு வருவோம். பிரிட்டிஷ் ஆட்சி இங்கே 1946இல் மலாயா ஃபிலிம் யூனிட் என்ற அமைப்பைத் தொடங்கியது. அதுவே பின்னாளில் ஃபிலெம் நெகாரா மலேசியா ஆனது. அரசாங்கம் சொல்ல விரும்பியதைச் சொல்வதே அதன் வேலை, அதில் ஐயமில்லை. ஆயினும் அந்தப் படங்களுக்குத் தமிழிலும் விளக்கவுரை சேர்த்தார்கள். லாரியில் கருவியை ஏற்றிக்கொண்டு தோட்டம் தோட்டமாகப் போய்த் திரை கட்டிக் காட்டினார்கள். பாய் கொண்டுபோய்த் திடலில் போட்டு இடம் பிடித்ததை என் பாட்டி இன்றும் சொல்வார். என்ன படம் என்று கேட்டால், “கொசு வளராம பாத்துக்கணும்னு ஒரு படம்” என்பார். அந்தத் தமிழ்க் குரலுக்கு உரியவர் யார், அவருக்கு எழுதிக் கொடுத்தவர் யார் என்று தேட ஆரம்பித்தால் அதுவே ஓர் ஆவணப்படமாகும். அக்காலக் காட்சிகள் பல இலண்டனில் இம்பீரியல் போர் அருங்காட்சியகத்தில் இருக்கின்றன. பிரிட்டிஷ் பாத்தே நிறுவனம் 2014இல் தன்னிடமிருந்த 85,000 படத் துண்டுகளை யூடியூபில் ஏற்றியது. பார்ப்பதற்குக் காசு வேண்டாம். நம் படத்தில் சேர்க்க வேண்டுமென்றால்தான் எழுதிக் கேட்டு, உரிமத்துக்குப் பணம் கட்ட வேண்டும். இந்தக் கடிதப் போக்குவரத்தைப் பொறுப்பாகச் செய்ய ஒருவர் வேண்டும். அதற்குக் கேமரா பிடிக்கத் தெரிய வேண்டியதில்லை.

வெளியார் எடுத்த காட்சிகளில் நாம் எங்கே இருக்கிறோம் என்பதற்குச் சயாம் மரண ரயிலே போதும். 1942-43இல் 415 கிலோமீட்டர் பாதை போடப்பட்டது. அதில் மாண்ட ஆசியத் தொழிலாளர்கள் போர்க்கைதிகளைவிடப் பன்மடங்கு அதிகம். அவர்களுள் மலாயாத் தமிழர் ஏராளம். 1957இல் வந்த ஹாலிவுட் படம் உலகுக்குக் காட்டியதோ பிரிட்டிஷ் கைதிகளின் கதையை. கைதிகள் நாட்குறிப்பு எழுதினார்கள், சித்திரம் வரைந்தார்கள். நம்மவர்களிடம் பெரும்பாலும் வாய்ப்பேச்சுதான் இருந்தது. அதைப் பதிந்தவர்கள் சிலரே.

தனியார் முயற்சியில் ஆவணப்படம் எடுப்பது இங்கே சூடுபிடித்தது 2000க்குப் பிறகு, சிறிய டிஜிட்டல் கேமராக்கள் வந்த பின்னர்தான். அமீர் முகமதுவின் ‘தி பிக் டுரியான்’ 2003இல் வந்தது. அதே ஆண்டில் கோமாஸ் அமைப்பு ஃபிரீடம் ஃபிலிம் ஃபெஸ்ட் விழாவைத் தொடங்கியது. புதியவர்கள் தங்கள் படக் கருத்தை எழுதி அனுப்பலாம். தேர்வானால் பயிற்சியும், படமெடுக்கச் சிறு நிதியும், விழாவில் திரையிடும் வாய்ப்பும் கிடைக்கும். இவ்வழியில் முதல் படம் எடுத்தவர்கள் பலர். தமிழர்களில் இந்திராணி கோபால் மலேசியாகினியில் காணொளிப் பணியிலிருந்து ஃபுல்பிரைட் உதவித்தொகையில் அமெரிக்கா சென்று பயின்றவர். அங்கே சிறையில் நடனம் கற்றவர்களைப் பற்றி ‘தி கேம் சேஞ்சர்’ என்ற குறும்படத்தை 2014இல் எடுத்தார். தமிழர் எடுத்தால் தமிழரைப் பற்றித்தான் எடுக்க வேண்டும் என்றில்லை. வெளிநாட்டு வாசல்களும் உண்டு. ஆம்ஸ்டர்டாமின் இட்ஃபா விழாவும், 1989இல் தொடங்கி ஈராண்டுக்கொரு முறை நடைபெறும் ஜப்பானின் யமகாத்தா விழாவும் இத்துறையினர் கண் வைத்திருக்கும் இடங்கள்.

நிதி விண்ணப்பம் என்பது தனிக் கலை. இரண்டு பக்கத்தில் யாரைப் பற்றிய படம், ஏன் இப்போது, அவர்களை அணுக உனக்கு என்ன வழி, செலவு எவ்வளவு என்று எழுத வேண்டும். ‘அணுக என்ன வழி’ என்ற கேள்வியில்தான் நம்மைப் போன்றோருக்குச் சாதகம் இருக்கிறது. லயத்து வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து தேநீர் குடிக்கத் தெரிந்தவருக்கு அந்தக் கேள்வி பாதி முடிந்த மாதிரி.

ஆனால் அதே திண்ணையில்தான் எனக்குப் பெரிய சிக்கலும் வந்தது. மேலே சொன்ன எழுபத்து நான்கு வயதுப் பாட்டி, பேட்டியின் நடுவே, தம் பேரன் காவலில் இருந்ததைப் பற்றிப் பேசிவிட்டார். உருக்கமான பகுதி. படத்தின் உச்சமே அதுதான் என்றார் நண்பர். சம்மதப் படிவத்தில் பாட்டி கையெழுத்திட்டிருந்தார். படிவமோ மலாயில் இருந்தது. சரிபார்க்க ஓர் ஊர்ப்பெயரைக் கேட்டு நான் தொலைபேசியில் அழைத்தபோது, பாட்டி பேச்சோடு பேச்சாக, “அந்தப் பையன் கதைய டிவியில போட்டுற மாட்டீங்கள்ல பாப்பா? அவனுக்கு இப்பத்தான் வேலை கெடச்சிருக்கு” என்றார்.

சட்டப்படி நண்பர் போடலாம். நான் வெறும் எழுத்துப்படிக்காரி. எனக்குப் பேச உரிமையில்லை என்றும் சொல்லலாம். இரண்டு நாள் யோசித்துவிட்டு நண்பரிடம் சொன்னேன். அவர் முதலில் கோபப்பட்டார். விடுமுறையெல்லாம் செலவழித்த மனிதர், கோபம் நியாயமே. பிறகு இருவரும் காரில் போய், பாட்டியின் முன்னால் மடிக்கணினியைத் திறந்து, அந்தப் பகுதியைக் காட்டி, யார் யார் பார்ப்பார்கள் என்பதைத் தமிழில் விளக்கினேன். அவர் வேண்டாம் என்றார். நாற்பது வினாடி போயிற்று. படம் கொஞ்சம் மெலிந்துதான் போனது. அதை மறைக்க விரும்பவில்லை. சம்மதப் படிவத்தைப் பேசுபவரின் மொழியில் வாசித்துக் காட்டி, அதையும் கேமராவில் பதிந்துகொள்வது என்று அடுத்த படத்துக்கு முடிவு செய்திருக்கிறோம்.

இத்துறைக்கு வர நினைப்பவர் சட்டத்தையும் அறிந்திருக்க வேண்டும். 2002ஆம் ஆண்டுத் திரைப்படத் தணிக்கைச் சட்டப்படி, தணிக்கை வாரியத்தின் அனுமதி பெறாத படத்தைத் திரையிடுவது குற்றம். 30,000 ரிங்கிட் வரை அபராதமோ மூன்றாண்டு வரை சிறையோ விதிக்கலாம். இது ஏட்டளவில் இல்லை. இலங்கைப் போரின் இறுதி மாதங்களைப் பற்றிக் கேலம் மெக்ரே எடுத்த ‘நோ ஃபயர் ஸோன்’ ஆவணப்படத்தை 2013 ஜூலையில் கோலாலம்பூரில் ஒரு மண்டபத்தில் திரையிட்டார்கள். திரையிடலை ஏற்பாடு செய்த கோமாஸ் அமைப்பின் லீனா ஹென்ட்ரி மீது வழக்குத் தொடுக்கப்பட்டது. 2016இல் மாஜிஸ்திரேட் நீதிமன்றம் விடுவித்தது. அரசுத் தரப்பு மேல்முறையீடு செய்தது. 2017இல் அவர் குற்றவாளி எனத் தீர்ப்பாகி 10,000 ரிங்கிட் அபராதம் விதிக்கப்பட்டது. கவனியுங்கள், அவர் அந்தப் படத்தை எடுத்தவர் அல்லர். எடுத்தவர் வெளிநாட்டில் இருந்தார். முள்ளிவாய்க்காலைப் பற்றிய படத்தை இங்குள்ளோர் பார்க்க வேண்டும் என்று மண்டபம் பிடித்து நாற்காலி போட்டவர்தான் நான்காண்டுகள் வழக்கைச் சுமந்தார். படத்துக்குத் துணை நிற்கும் வேலை பாதுகாப்பான வேலை என்று எண்ணிவிடாதீர்கள்.

சிங்கப்பூரிலும் நிலைமை எளிதன்று. நாட்டை விட்டுச் சென்றவர்களைப் பற்றி டான் பின் பின் எடுத்த ‘டு சிங்கப்பூர், வித் லவ்’ 2014இல் அங்கே பொதுத் திரையிடலுக்கு மறுக்கப்பட்டது. அதே மாதம் ஜொகூர் பாருவில் அது காட்டப்பட்டபோது நூற்றுக்கணக்கான சிங்கப்பூரர்கள் பாலம் கடந்து வந்து பார்த்தார்கள். நம் பக்கம், கம்யூனிஸ்ட் தலைவர் சின் பெங்கைப் பற்றிய அமீர் முகமதுவின் படம் 2006இல் தடை செய்யப்பட்டது.

இனி, வீட்டில் கேட்கும் கேள்வி. என் அம்மா, “இது சோறு போடுமா?” என்றார். மழுப்பாமல் கணக்குச் சொல்கிறேன். நிமிடத்துக்கு 2 ரிங்கிட் வீதம் 540 நிமிடத்துக்கு எனக்கு 1,080 ரிங்கிட் கிடைத்தது. நான் செலவிட்டது ஏறக்குறைய 80 மணி நேரம். மணிக்கு 13 ரிங்கிட் 50 காசு. அதே நேரத்தில் பக்கத்து வீட்டுப் பிள்ளைகளுக்கு டியூஷன் எடுத்திருந்தால் கூடுதலாகவே கிடைத்திருக்கும். ஆவணப்படம் மட்டும் எடுத்து வாழ்பவரை நான் இதுவரை நேரில் சந்தித்ததில்லை. நான் பேசிப் பார்த்தவர்களில் ஒருவர் திருமணங்களுக்கு ஒளிப்பதிவு செய்கிறார். ஒருவர் தொலைக்காட்சிக்கு நிகழ்ச்சி தொகுக்கிறார். இன்னொருவர் நிறுவனங்களுக்கு விளம்பரக் காணொளி செய்து, அதில் மிச்சம் பிடித்த பணத்தில் ஆண்டுக்கொரு முறை தமக்குப் பிடித்த படத்தைத் தொடுகிறார். மாதச் சம்பளம் வேண்டுமென்றால் தொலைக்காட்சி நிலையமும் வசன வரி நிறுவனங்களும் நிலையான வழி. என்னைப் பொறுத்தவரை, பட்டம் பெற்றதும் ஒரு நிரந்தர வேலையில் சேர்ந்துகொண்டு, வார இறுதியில் இதைச் செய்வதாக இருக்கிறேன். இது கோழைத்தனம் என்று நண்பர் சொல்கிறார். கல்விக் கடனை அவரா கட்டப் போகிறார்?

கற்றுக்கொள்ள விரும்பும் இளையோருக்கு ஒன்று சொல்வேன். கேமரா வாங்க அவசரப்பட வேண்டாம். கைப்பேசியே இப்போதைக்குப் போதும். ஒரு நல்ல ஒலிவாங்கி வாங்குங்கள். படம் சற்று மங்கினாலும் பார்ப்போர் பொறுப்பார்கள், பேச்சு கேட்காவிட்டால் எழுந்து போய்விடுவார்கள். வீட்டுப் பெரியவர் ஒருவரை உட்கார வைத்து ஒரு மணி நேரம் பேசவிட்டு, மின்விசிறியை நிறுத்திவிட்டுப் பதிவு செய்து, அதை முழுமையாக எழுதிப் பாருங்கள். கித்தா, மங்கு, காண்டா வாளி, தீம்பார், ஒட்டுப்பால், ஆயாக்கொட்டகை என்று எத்தனை சொற்களுக்கு உங்களுக்குப் பொருள் தெரியவில்லை என்பது அப்போது தெரியும். நான் அப்படிச் சேர்த்த சொற்கள் இப்போது நூற்றுப் பத்தைத் தாண்டிவிட்டன. பாட்டியிடம் கேட்டுத்தான் பொருள் எழுதுகிறேன். சில சொற்களுக்கு அவரும் அண்டை வீட்டுத் தாத்தாவும் சண்டை போடுகிறார்கள்.

நண்பர் அடுத்ததாகச் சிவப்பு அடையாள அட்டையோடு வாழ்நாளைக் கழித்த முதியவர்களைப் பற்றி எடுக்கப் போகிறார். ஆறு பேர் பேசச் சம்மதித்திருக்கிறார்கள். மூத்தவருக்கு எண்பத்தொன்பது வயது. வரும் செமஸ்டர் விடுமுறையின் முதல் வாரத்தில் படப்பிடிப்பு. என்னால் எழுத்துப்படி மட்டுமே முடியும். தமிழ் தெரிந்த ஒலிப்பதிவாளர் ஒருவரும், சம்மதப் படிவத்தைப் பொறுமையாக வாசித்துக் காட்டக் கூடிய ஒருவரும் வேண்டும். விருப்பமுள்ளோர் கழக அறையில் வெள்ளிக்கிழமை மாலைகளில் என்னைப் பார்க்கலாம்.